யில்மாஸ் குனே: சண்டைப்பட நாயகன் எப்படி 'உமுத்' எடுத்தார்?

முகில்:
'யோல்' படம் பார்த்துவிட்டு துருக்கி சினிமாக்காரர் யில்மாஸ் குனேயைப் பற்றித் தேடிப் படித்தேன். 1982இல் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப் பனையை வென்ற அந்தப் படத்துக்குச் சொந்தக்காரர், அறுபதுகளில் துப்பாக்கியும் கையுமாக வருடத்துக்குப் பத்துப் படத்துக்கு மேல் நடித்துத் தள்ளியவராம். 'அசிங்க ராஜா' என்று பட்டப்பெயர் வேறு. இரண்டும் எப்படி ஒட்டும்? எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்? சிறையில் இருந்தபடியே இயக்கினார் என்பதும் புரியவில்லை.

கரிசல்காடு:
லுத்ஃபி அகாத் இயக்கிய 'ஹுதுத்லரின் கனூனு' (1966) பாருங்கள். சிரிய எல்லையில் கண்ணிவெடிகளுக்கு நடுவே கடத்தல் செய்து பிழைக்கிறவர்களின் கதை. கதை எழுதியதும் நாயகனாக நடித்ததும் குனேதான். துருக்கியில் நடந்த 1980 ராணுவப் புரட்சிக்குப் பிறகு அழிபடாமல் மிஞ்சியது ஒரே ஒரு பிரதி. அதிலிருந்துதான் பின்னால் மீட்டெடுத்தார்கள்.

செல்வி_மதுரை:
இரண்டும் நன்றாகவே ஒட்டும். குனேயை நடிகர், இயக்குநர் என்று மட்டும் பார்த்தால் பாதிதான் தெரியும். தயாரிப்பாளர் குனேயையும் சேர்த்துப் பாருங்கள்.

அன்றைய துருக்கி சினிமாவில், அதாவது யெஷில்சாமில், பணம் வந்த வழி தனி. ஒவ்வொரு வட்டாரத்துக்கும் ஒரு விநியோகஸ்தர் உண்டு. நாயகன் யார் என்று கேட்டு, படம் எடுக்கும் முன்பே முன்பணத்துக்குக் கடன் பத்திரம் எழுதித் தருவார். எப்படிப்பட்ட படம் என்பதையும் அவரே சொல்லிவிடுவார். குனே தெற்குத் துருக்கியில் அதானா நகரத்துப் பக்கத்துக் கிராமத்துக்காரர், ஏழைக் குர்திய விவசாயக் குடும்பம். சிறு வயதில் பட விநியோகக் கம்பெனிகளில் வேலை பார்த்தவர் என்பதால், இந்தக் கணக்கு அவருக்கு அத்துப்படி. சண்டைப்படங்களால் அனதோலியா (துருக்கியின் ஆசியப் பகுதி) முழுக்கத் தன் பெயருக்குக் கூட்டம் சேர்ந்த பிறகு, 1968இல் 'குனே ஃபிலிம்' தொடங்கினார். இனி இன்ன படம் எடு என்று யாரும் சொல்ல முடியாது.

அப்படி வந்ததுதான் 'உமுத்' (1970). அதானாவில் குதிரை வண்டி ஓட்டும் ஜப்பார். கார் மோதிக் குதிரை சாகிறது, காவல் நிலையம் கார்க்காரர் பக்கம் நிற்கிறது. லாட்டரிச் சீட்டு, கடன், கடைசியில் புதையல் தோண்டும் பைத்தியம். திரையில் எதிரிகளைச் சுட்டு வீழ்த்தியவர், இதில் ஒருவரைக்கூட ஜெயிக்கவில்லை. சொந்தக் கம்பெனி இல்லாமல் இதை எடுத்திருக்கவே முடியாது என்பது என் உறுதியான எண்ணம். தணிக்கை தடை போட்டது. பிரதியைக் கள்ளத்தனமாக வெளிநாட்டுக்குக் கொண்டுபோனார்கள். முகில், நீங்கள் இதிலிருந்தே தொடங்குங்கள்.

கரிசல்காடு:
ஒத்துக்கொள்கிறேன். ஆனால் 1974ஐ யாரும் தாண்டிப் போகக் கூடாது. அவருடைய 'எந்திஷே' படத்தின் படப்பிடிப்பின்போது அதானா பக்கத்து யுமுர்தாலிக் ஊரில் ஒரு நீதிபதி சுட்டுக் கொல்லப்பட்டார். அந்தக் கொலைக்குத்தான் குனேவுக்கு 19 ஆண்டுத் தண்டனை. அரசியல் காரணமாக அவர் சிறை சென்றது வேறு, இது வேறு. இரண்டையும் கலந்து எழுதுகிறவர்கள் கொல்லப்பட்ட நீதிபதிக்கு அநியாயம் செய்கிறார்கள்.

செல்வி_மதுரை:
சரியான பேச்சு. அப்புறம் அந்தச் சிறை விஷயம். உள்ளே இருந்தபடி திரைக்கதையை நுணுக்கமாக எழுதி அனுப்புவார். களத்தில் நின்று எடுத்தவர்கள் வேறு: 'சூரூ' (1978) ஜெகி ஓக்தென், 'யோல்' ஷெரிஃப் கோரென். ஆட்டு மந்தையை ரயிலேற்றி அங்காரா வரை கொண்டுபோகும் 'சூரூ'வைப் பார்த்தால், ஓக்தென் பட்ட பாடு தெரியும். 1981இல் விடுப்பில் வெளியே வந்த குனே திரும்பவில்லை; சுவிட்சர்லாந்தில் உட்கார்ந்து 'யோல்' படத்தொகுப்பைச் செய்தார். அதனால் 'குனேயின் யோல்' என்று எழுதும்போது கோரெனையும் சேர்த்து எழுதுங்கள்.

முகில்:
நன்றி. அப்படியானால் 'உமுத்', 'சூரூ', பிறகு 'யோல்' இன்னொரு முறை. 'துவார்' எப்படி?

செல்வி_மதுரை:
1983இல் பிரான்சில் எடுத்தது, சிறைச் சிறுவர்களைப் பற்றி. பார்ப்பது கடினம். மறு வருடம் செப்டம்பரில் வயிற்றுப் புற்றுநோயால் பாரிஸில் இறந்துவிட்டார், வயது 47. அதுவே கடைசிப் படம், கடைசியாகவே பாருங்கள்.