வரலாறு எழுத வேலையை விடலாமா? எழுதியவர்கள் எப்படிப் பிழைத்தார்கள்?

படிக்கல்:

வணக்கம். வயது 36, கணக்குப் பிரிவில் வேலை. நாலு வருஷமாக எடைகள், அளவைகளின் வரலாற்றுக்குத் தகவல் சேர்த்து வருகிறேன். ஒரே பெயருள்ள அளவு இடத்துக்கு இடம் ஏன் மாறியது, அந்த வித்தியாசத்தில் யார் லாபம் பார்த்தார்கள் என்பதுதான் என் கேள்வி. ராத்திரி ஒன்பதரைக்கு உட்கார்ந்தால் பதினொன்றுக்குக் கண் சொக்கிவிடுகிறது. இந்த வேகத்தில் போனால் ஓய்வு பெற்ற பிறகுதான் முதல் அத்தியாயம்.

கொஞ்ச நாளாக வரலாற்றாசிரியர்களின் வாழ்க்கைக் கதைகளைப் படித்துத் தள்ளுகிறேன். எல்லாவற்றிலும் "தன்னை முழுமையாக அர்ப்பணித்துக்கொண்டார்" என்று ஒரு வரி வருகிறது. அர்ப்பணித்த காலத்தில் மாதச் செலவை யார் பார்த்தார்கள் என்று மட்டும் எழுதுவதில்லை. எனக்குத்தான் கணக்குப் புத்தியோ என்னவோ.

இரண்டு வருஷம் ஓட்டும் அளவுக்குச் சேமிப்பு இருக்கிறது. வேலையை விட்டுவிடலாமா? இன்னொன்று: முனைவர் பட்டம் இல்லாதவன் எழுதினால் யாராவது மதிப்பார்களா?

நடுப்பக்கம்:

விடாதீர்கள். பட்டத்துக்கு மட்டும் பதில் சொல்கிறேன். அமெரிக்க வரலாற்றாசிரியர் பார்பரா டக்மன் இளங்கலையோடு நிறுத்திக்கொண்டவர். மூன்று பெண் குழந்தைகளின் அம்மா. முதல் உலகப் போர் வெடித்த மாதத்தைப் பற்றி 1962-ல் வந்த அவருடைய நூலுக்கு அடுத்த வருஷமே அமெரிக்காவின் புலிட்சர் பரிசு கிடைத்தது. 1972-ல் இன்னொன்று. பட்டம் இல்லாததைக் குறையாக அவர் நினைத்ததில்லை. அது வாங்கப் போயிருந்தால் எழுதும் திறனே போயிருக்கும் என்ற கட்சி அவர்.

ஓலைநறுக்கு:

கணக்குப் புத்தி என்று நீங்களே உங்களைக் கிண்டல் செய்துகொள்ள வேண்டாம். வாழ்க்கை வரலாறு படிக்கும்போது நான் முதலில் தேடுவதும் அந்த வரவு செலவைத்தான்.

ரோமப் பேரரசின் வீழ்ச்சியை ஆறு தொகுதி எழுதிய கிப்பனுக்கு அப்பா விட்டுப்போன சொத்து இருந்தது. நாடாளுமன்ற உறுப்பினர், கூடவே வர்த்தக வாரியத்தில் அதிகம் வேலை வைக்காத ஒரு சம்பளப் பதவி. 1782-ல் பதவி போனது. லண்டனில் கட்டுப்படியாகாமல் அடுத்த வருஷம் சுவிட்சர்லாந்தின் லோசான் நகருக்குப் போய்விட்டார். 1787-ல் நூலை முடித்தது அங்கேதான். மயிலை சீனி. வேங்கடசாமி பள்ளிக்கூடத்து ஓவிய ஆசிரியர். 'பௌத்தமும் தமிழும்', 'சமணமும் தமிழும்' எல்லாம் அந்தச் சம்பளத்தை வைத்துக்கொண்டு எழுதியவை. ஐராவதம் மகாதேவன் ஐ.ஏ.எஸ். அதிகாரி. தமிழின் மிகப் பழைய எழுத்தான தமிழ்பிராமியில் உள்ள கல்வெட்டுகளை அவர் அறுபதுகளில் கையில் எடுத்தார், பெருநூல் வந்தது 2003-ல். நாலு வருஷத்துக்கே நீங்கள் அங்கலாய்க்கிறீர்கள்.

விட்டவர்களும் உண்டு. ராபர்ட் காரோ நாளிதழ் நிருபர். நியூயார்க்கின் சாலைகளையும் பாலங்களையும் போட்ட ராபர்ட் மோசஸைப் பற்றி எழுதப் போனார். ஒன்பது மாதத்தில் முடித்துவிடலாம் என்று நினைத்தார், ஏழு வருஷம் ஆனது. கையில் வந்த முன்பணம் 2,500 டாலர். மனைவி ஐனா இவரிடம் சொல்லாமலே வீட்டை விற்று அந்தக் காசில் ஒரு வருஷம் ஓட்டினார். அதுவும் தீர்ந்தது. நியூயார்க் பொது நூலகத்தில் எழுத்தாளர்களுக்கென்று ஓர் அறை உண்டு. அங்கே உட்கார்ந்திருந்தபோது, எத்தனை வருஷமாக எழுதுகிறீர்கள் என்று ஒருவர் கேட்கிறார். காரோவுக்கு உலகத்திலேயே பிடிக்காத கேள்வி அதுதான். கூனிக்குறுகி, ஐந்து என்கிறார். கேட்டவர் ஜார்ஜ் வாஷிங்டனின் வாழ்க்கை வரலாற்றை எழுதிக்கொண்டிருந்த ஜேம்ஸ் ஃப்ளெக்ஸ்னர். அவ்வளவுதானா, வாஷிங்டனோடு நான் ஒன்பது வருஷமாக மல்லுக்கட்டுகிறேன் என்கிறாராம். பக்கத்து மேஜையில் எழுதிக்கொண்டிருந்த ஜோசப் லாஷுக்கு ஏழு வருஷம். அந்த நிமிஷம்தான் தன் பாரம் இறங்கியது என்று காரோ பிற்பாடு எழுதினார். இந்த மன்றத்தில் நாம் ஒருத்தருக்கொருத்தர் செய்துகொள்வதும் அவ்வளவுதான்.

இனி என் கதை. இரண்டு புத்தகம் போட்டவன் நான். முதல் புத்தகம் வேலையில் இருந்துகொண்டே எழுதியது. ரொம்பத் தைரியம் வந்து, இரண்டாவதுக்கு வேலையை விட்டேன், பதினான்கு மாதம். முதல் ஆறு மாதத்தில் எழுதியது 31 பக்கம். வேலையில் இருந்தபோது அதே ஆறு மாதத்தில் எண்பதுக்குக் குறையாமல் எழுதியிருக்கிறேன். நேரம் கிடைத்ததும் எழுதவில்லை, படித்தேன். ஒரு நூலின் அடிக்குறிப்பிலிருந்து அடுத்த நூல், அதன் அடிக்குறிப்பிலிருந்து இன்னொன்று. ஆராய்ச்சி செய்கிறேன் என்று சொல்லிக்கொண்டு எழுதுவதைத் தள்ளிப்போடுவதில் ஒரு சுகம் இருக்கிறது, எவரும் குறை சொல்ல மாட்டார்கள்.

அதைவிட மோசமாக ஒன்று நடந்தது. என் குறிப்பேட்டில் அருமையான ஒரு மேற்கோள். அத்தியாயத்தையே அதன் மேல்தான் கட்டியிருந்தேன். அச்சுக்குப் போகும் நேரம், பக்க எண் இல்லை. நூலகத்தில் பதினோரு நாள் தேடினேன். நான் நினைத்த புத்தகத்தில் அது இல்லவே இல்லை, வேறொன்றில் கிடைத்தது. கிடைத்தபோதுதான் தெரிந்தது, மேற்கோளின் முதல் பாதிதான் அந்த ஆசிரியருடையது. பின்பாதி, படிக்கும்போது நான் கிறுக்கிய என் சொந்தக் கருத்து! மேற்கோள் குறியைத் திறந்தவன் மூட மறந்திருக்கிறேன். அச்சேறியிருந்தால் செத்துப்போன மனிதர் வாயில் என் வாக்கியத்தைத் திணித்த பாவம் வந்திருக்கும்.

அதனால் வேலையை விடுவதற்கு முன்னால் குறிப்பெடுப்பதைச் சரிசெய்யுங்கள். டக்மன் நாலுக்கு ஆறு அங்குல அட்டையில்தான் எழுதுவார். கைப்பையில் அடங்கும், வளவளவென்று எழுதவும் இடமிருக்காது. பிரிட்டிஷ் வரலாற்றாசிரியர் கீத் தாமஸ் குறிப்புகளைக் கத்தரித்துத் துண்டுதுண்டாக்கி, பொருள்வாரியாகப் பழைய உறைகளில் போட்டுவைப்பவர். எந்த முறையானாலும் சரி, நூல், பக்கம், யார் சொன்னது என்ற மூன்றும் அந்தத் துண்டிலேயே இருக்க வேண்டும்.

செவ்வை:

ஓலைநறுக்கு அண்ணா, ஐனாவை ஒரே வரியில் தாண்டிவிட்டீர்களே. வீட்டை விற்றவர் மட்டுமில்லை அவர், காரோவுடன் சேர்ந்து ஆவணங்களைப் புரட்டியவரும் அவர்தான்.

நான் பிழை திருத்துபவள். எந்தப் புத்தகம் வந்தாலும் நன்றியுரையைத்தான் முதலில் படிப்பேன். "பொறுமையோடு தட்டச்சு செய்த என் மனைவிக்கு" என்ற வரி கடைசிப் பத்தியில் பதுங்கியிருக்கும். நாகரிகங்களின் கதையை வில் டூரண்ட் 1935-லிருந்து தொகுதி தொகுதியாக வெளியிட்டார். மனைவி ஏரியலின் பெயர் அட்டைக்கு வந்தது ஏழாவது தொகுதியில்தான், 1961-ல். பத்தாவதுக்கு 1968-ல் புலிட்சர் வந்தபோது இருவருக்கும் சேர்த்து வந்தது. முதல் ஆறு தொகுதிக் காலத்தில் அந்த அம்மா சும்மாவா இருந்திருப்பார்?

படிக்கல் அண்ணா, சேமிப்பைச் சொன்னீர்கள். வீட்டில் கேட்டீர்களா?

ஓலைநறுக்கு:

தப்புதான் தங்கச்சி. என் இரண்டாவது புத்தகத்தின் நன்றியுரையை இப்போது எடுத்துப் பார்த்தேன். கடைசிப் பத்தி, ஒன்றரை வரி. அந்தப் பதினான்கு மாதமும் சம்பளம் வாங்கியது அவள் ஒருத்திதான்.

படிக்கல்:

கேட்டேன். "ராத்திரி ஒன்பதரைக்கு உட்கார்ந்து பதினொன்றுக்குத் தூங்குகிறீர்கள். வேலையை விட்டால் காலை ஒன்பதரைக்கு உட்கார்ந்து பதினொன்றுக்குத் தூங்குவீர்கள்" என்றாள். இப்போதைக்கு விடவில்லை. விடிகாலை ஐந்துக்கு எழுந்து பார்க்கிறேன்.

ஆனால் ஓலைநறுக்கு ஐயா எழுதியதைப் படித்து வயிறு கலங்கிவிட்டது. என்னிடம் அட்டையும் இல்லை, உறையும் இல்லை. கைப்பேசியில் எடுத்த 2,300 படங்கள்தான். எது எந்தப் புத்தகம் என்று எங்கேயும் எழுதவில்லை. என்ன செய்ய?

ஓலைநறுக்கு:

படம் எடுத்த தேதி கைப்பேசியிலேயே இருக்கும். எந்தத் தேதியில் எந்த நூலகம் போனீர்கள் என்று ஞாபகப்படுத்தி, தேதிவாரியாகப் பிரியுங்கள். ஒரு நாளில் மூன்று நாலு புத்தகத்துக்கு மேல் எடுத்திருக்க மாட்டீர்கள். எழுத்துரு, தாளின் நிறம், பக்கத் தலைப்பு இவற்றை வைத்துப் பிரித்துவிடலாம். இனிமேல் எடுக்கும்போது முதல் படம் தலைப்புப் பக்கம், பிறகு உள்ளே. பக்க எண்ணும் படத்துக்குள் விழ வேண்டும்.

நடுப்பக்கம்:

முதல் வேலையாக அத்தனை படத்துக்கும் இன்னொரு பிரதி எடுத்து வேறு இடத்தில் வையுங்கள். 1835-ல் வரலாற்றாசிரியர் தாமஸ் கார்லைல், தன் பிரெஞ்சுப் புரட்சி நூலின் முதல் தொகுதிக் கையெழுத்துப் பிரதியை நண்பர் ஜான் ஸ்டூவர்ட் மில்லிடம் படிக்கக் கொடுத்தார். வேலைக்காரப் பெண் வேண்டாத காகிதம் என்று அடுப்பு மூட்டிவிட்டாள். வேறு பிரதி இல்லை. மில் 200 பவுண்டு நீட்டினார், கார்லைல் 100 மட்டும் வாங்கிக்கொண்டு முதலிலிருந்து எழுதினார்.

படிக்கல்:

பிரதி எடுத்தாயிற்று. இன்று விடிகாலை 64 படங்களுக்குப் பெயர் வைத்தேன். நான் ரொம்ப நம்பியிருந்த ஓர் அளவைப் பட்டியலின் படத்தில், பக்க எண் இருக்க வேண்டிய இடத்தில் என் கட்டைவிரல் இருக்கிறது. சனிக்கிழமை மறுபடி நூலகம் போகிறேன்.