ஃபிளாக்கில் போட்டும் கைதட்டல் கரைகிறதே, ஏன்?

கேள்வி:
வணக்கம். மெக்சிகோவின் மானா குழு 1999இல் மயாமியில் எம்டிவிக்காக வாசித்த அன்பிளக்டு கச்சேரி, அதாவது மின்கிட்டார் இரைச்சல் இல்லாத கச்சேரி, எனக்கு உயிர். அவர்களுடைய சொந்தப் பாட்டுகளோடு ஹுவான் கப்ரியேல், ரூபன் பிளேட்ஸ் பாட்டுகளும் அதில் உண்டு. பல வருஷமாக எம்பி3யில் கேட்டுவந்தேன். போன வாரம் நண்பர் ஒருவர், ஒலியை இழப்பில்லாமல் சுருக்கும் ஃபிளாக் வடிவில் கோப்புகள் தந்தார். ஆசையாகப் போட்டால் எந்த வித்தியாசமும் இல்லை. கூட்டம் கைதட்டுவது தகரக் கூரையில் மழை பெய்கிற மாதிரி ஒரே இரைச்சலாக இருக்கிறது. பாட்டு மாறும் இடத்தில் அந்தக் கைதட்டல் கண்ணிமைக்கும் நேரம் அறுந்து மறுபடி தொடங்குகிறது. கணினியில் கம்பி ஹெட்ஃபோனில்தான் கேட்கிறேன். கோளாறு எங்கே?

பதில் 1:
கோப்பின் மேல்தான் எனக்குச் சந்தேகம். ஒலியில் எந்த உயரம் வரை இருக்கிறது என்று படமாகக் காட்டும் ஸ்பெக் என்ற இலவச மென்பொருளில் திறந்து பாருங்கள். படம் 16 கிலோஹெர்ட்ஸ் பக்கத்தில் கத்தியால் வெட்டியது போல நின்றால், வினாடிக்கு 128 கிலோபிட் அளவுக்குச் சுருக்கிய எம்பி3யை யாரோ ஃபிளாக்காக மாற்றியிருக்கிறார்கள் என்று பெரும்பாலும் சொல்லிவிடலாம். ஃபிளாக் தன்னிடம் கொடுத்ததை இம்மி குறையாமல் காப்பாற்றும். ஏற்கெனவே போனதை மீட்டுத் தராது.

கேட்டவர்:
பார்த்தேன். அத்தனை பாட்டும் 16இல் மட்டமாக நிற்கிறது. ஆனால் எனக்கு வயது 47. அந்த உயரத்து ஒலி என் காதுக்கு எப்படியும் எட்டாதே. அப்புறம் கைதட்டல் ஏன் கரைய வேண்டும்?

பதில் 2:
நல்ல கேள்வி. வெட்டுப்பட்ட உயரம் ஓர் அடையாளம்தான், காரணம் வேறு. எம்பி3 ஒலியைச் சிறு சிறு துண்டுகளாக எடுத்துச் சுருக்குகிறது. சுருக்கும்போது சேரும் பிழை அந்தத் துண்டு முழுக்கப் பரவும். நீண்டு ஒலிக்கும் குரலில் அது மறைந்துபோகும். கைதட்டல், காஸ்டனெட் (விரலில் மாட்டித் தட்டும் சிறு மரச் சிப்பிகள்), கிட்டார் நரம்பை நகம் சுண்டுவது போன்றவை அமைதியிலிருந்து சட்டென்று எழுபவை. அங்கே பிழை அடிக்கு முன்னாலேயே கசிந்து, அடியின் கூர்மை மழுங்கிவிடும். இதைத் தடுக்கக் குறுந்துண்டு முறை இருக்கிறது, ஆனால் 128இல் அதற்குப் போதுமான பிட்டுகள் கிடைப்பதில்லை. ஒலிச் சுருக்கத்தைச் சோதிப்பவர்கள் காஸ்டனெட் பதிவை வைத்துப் பார்ப்பது இதனால்தான். மின்கிட்டாரின் இரைச்சல் இருந்தால் பிழை அதற்குள் ஒளிந்துகொள்ளும். அன்பிளக்டு கச்சேரியில் ஒளிய இடமில்லை.

பதில் 1:
அறுந்துபோவதற்கும் எம்பி3தான் காரணம். ஒவ்வொரு கோப்பின் முன்னும் பின்னும் அது கொஞ்சம் மௌனத்தைச் சேர்க்கும். நல்ல பிளேயர் அதைத் தாண்டிவிடும். உங்கள் கோப்புகளில் அந்த மௌனம் ஃபிளாக்குக்குள்ளேயே பதிந்துவிட்டது, இனி எந்த பிளேயராலும் எடுக்க முடியாது. பழைய சிடி ஒன்று தேடி வாங்குங்கள். எக்ஸாக்ட் ஆடியோ காப்பி என்ற மென்பொருளில் அக்யுரேட்ரிப் என்ற சரிபார்ப்பு வசதியை இயக்கிப் பாட்டுகளை எடுத்தால், அதே சிடியை எடுத்த மற்றவர்களின் முடிவோடு ஒப்பிட்டுச் சரியா என்று சொல்லிவிடும்.

பதில் 3:
எடுத்தபின் அதே ஃபிளாக்கிலிருந்து 128, 320 கிலோபிட் எம்பி3 இரண்டும் செய்து, ஃபூபார் என்ற பிளேயரின் ஏபிஎக்ஸ் சோதனையில் ஒவ்வொன்றையும் ஃபிளாக்கோடு, எது எதுவென்று தெரியாமல் கேட்டுப் பாருங்கள். 16 தடவையாவது செய்யுங்கள். கண் பார்த்துவிட்டால் காது பொய் சொல்லும்.

கேட்டவர்:
பழைய சிடிக் கடையில் கிடைத்தது. 128க்கு எதிராக 16இல் 15 சரி. 320க்கு எதிராக 9தான், குருட்டாம்போக்கு. இனி 320 போதுமா?

பதில் 2:
கேட்பதற்குப் போதும். என் காதுக்கும் அந்த வித்தியாசம் தெரியாது. ஆனாலும் மூலத்தை ஃபிளாக்கில் வையுங்கள். நாளைக்கு வேறு வடிவம் வேண்டுமென்றால் அதிலிருந்து இழப்பில்லாமல் தொடங்கலாம். எம்பி3யிலிருந்து எம்பி3 செய்தால் நகலின் நகல். போனில் சாதாரண புளூடூத் வழியாகக் கேட்டால் எப்படியும் மறுபடி சுருக்கித்தான் அனுப்பும், அங்கே ஃபிளாக்கை ஏற்றி இடத்தை அடைக்க வேண்டாம்.

கேட்டவர்:
சரி, அப்படியே செய்கிறேன். நேற்று இரவு முழுக் கச்சேரியையும் ஒரே மூச்சில் கேட்டேன். பாட்டுக்குப் பாட்டு கைதட்டல் அறுபடவில்லை. கைகள் தனித்தனியாகக் கேட்கின்றன. எல்லோருக்கும் மிக்க நன்றி.