ஏழாவது பாட்டுல பியானோ இருந்தா 'எனிமா ஆஃப் த ஸ்டேட்' பங்க் இல்லையா?

தூசிதட்டிய_சிடி:
நேத்து "சிறந்த பத்து பங்க் ஆல்பம்" இழையில மூணுகார்டு எழுதினது இது: "பிளிங்க்-182 வெறும் காமெடி கோஷ்டி. 'எனிமா ஆஃப் த ஸ்டேட்'ல பியானோ வேற. பியானோ வெச்ச ஆல்பம் பங்க் கிடையாது, லிஸ்ட்லேர்ந்து தூக்குங்க." நான் பதில் போடறதுக்குள்ள இழையைப் பூட்டிட்டாங்க. அதனால இங்க வந்திருக்கேன்.

பங்க்னா கித்தார், ட்ரம்ஸ்னு வேகமா, எளிமையா வாசிக்கற ராக் வகை. 'எனிமா ஆஃப் த ஸ்டேட்' பிளிங்க்-182ங்கற அமெரிக்க பேண்டோட ஆல்பம். 12 பாட்டு, 35 நிமிஷம். பியானோன்னு காதுல தெளிவா விழறது ஏழாவது பாட்டு 'ஆடம்ஸ் சாங்'லதான். அதுவும் பாட்டு பாதி தாண்டினப்புறம். அந்த ஒரு துண்டுக்காக 1999ல வந்த முக்கியமான ஆல்பத்தையே தூக்கணுமா?

மூணுகார்டு:
ஒரு துண்டோ ஒன்பது துண்டோ, இருக்கா இல்லையா? இருக்கு. முடிஞ்சது.

ஸ்நேர்_சத்தம்:
பியானோவை விடுங்கப்பா. இந்த ஆல்பத்தோட உயிரே ட்ரம்மர் ட்ராவிஸ் பார்க்கர்தான். 1998ல ஸ்காட் ரேனர் போய் இவர் உள்ள வந்தாரு, பிளிங்க்ல இவர் வாசிச்ச முதல் ஆல்பம் இது. முதல் பாட்டு 'டம்ப்வீட்' ஆரம்பிச்ச உடனே தெரிஞ்சிடும். ரெண்டு வருஷம் முன்னாடி வந்த அவங்களோட 'டூட் ராஞ்ச்' ஆல்பத்தை இதுக்குப் பக்கத்துல வெச்சுக் கேளுங்க, வேற பேண்ட் மாதிரி இருக்கும்.

தூசிதட்டிய_சிடி:
ட்ரம்ஸ் பத்தி யாரும் கேக்கல. கேள்வி பியானோ. மூணுகார்டு சார், உங்களுக்கு பங்க் பேண்ட் ரமோன்ஸ்னா உசுரு, தெரியும். 1980ல அவங்க தயாரிப்பாளர் ஃபில் ஸ்பெக்டரோட சேர்ந்து போட்ட ஆல்பத்துல ஒரு பாட்டு முழுக்க வயலின் கூட்டம் வாசிக்குதே, அதை எந்தக் கணக்குல எழுதுவீங்க? இங்கிலாந்து பங்க் பேண்ட் த க்ளாஷோட 1979 'லண்டன் காலிங்' ஆல்பத்துல மிக்கி கேலகர் ஆர்கன் வாசிச்சாரே, அதுவும் கீபோர்டு வாத்தியம்தானே? அவங்களையும் தூக்கிடலாமா?

மூணுகார்டு:
'லண்டன் காலிங்' 1980. முதல்ல வருஷத்தைச் சரியாப் போடுங்க, அப்புறம் எனக்குப் பாடம் எடுக்கலாம்.

தூசிதட்டிய_சிடி:
இங்கிலாந்துல 1979 டிசம்பர். அமெரிக்காவுலதான் 1980 ஜனவரி. பேண்ட் எந்த ஊர் பேண்ட்?

மூணுகார்டு:
பிளிங்க் எந்த ஊர் பேண்ட்? சான் டியேகோ பக்கத்துல பவ்வேங்கற ஊர். அப்ப அமெரிக்கக் கணக்குதான் பேசணும்.

நடுராத்திரி_எம்டிவி:
ரெண்டு பேரும் வருஷத்தைப் பிடிச்சுத் தொங்குங்க. நான் ஒண்ணு கேக்கறேன். அஞ்சாவது பாட்டு வீடியோவுல மூணு பேரும் துணியில்லாம லாஸ் ஏஞ்சலஸ் தெருவுல ஓடறாங்க. எட்டாவது பாட்டு வீடியோவுல பேக்ஸ்ட்ரீட் பாய்ஸ் மாதிரி வெள்ளை டிரஸ் போட்டு நக்கல் அடிக்கறாங்க. இந்த ரெண்டுக்கும் நடுவுல, ஊர் ஊரா டூர் போய்த் தனியாக் கிடந்த கஷ்டத்தை பேண்டோட பாடகர் மார்க் ஹாப்பஸ் 'ஆடம்ஸ் சாங்'னு எழுதி வெச்சிருக்காரு. அதுவரைக்கும் சிரிச்சிட்டு வந்தவனுக்கு அங்க தொண்டை அடைக்கும். அந்த இடத்துல பியானோ வர்றதுதான் சரி. அது இல்லேன்னா அந்தப் பாட்டும் மத்த பாட்டு மாதிரி ஓடிப்போயிருக்கும்.

மூணுகார்டு:
நன்றி. பியானோ முக்கியம்னு உங்க ஆளே ஒத்துக்கிட்டாரு.

தூசிதட்டிய_சிடி:
அவர் என் ஆள் இல்ல. போன வருஷம் பங்க் பேண்ட் க்ரீன் டே பத்தின இழையில என்னைத் தனியா விட்டுட்டுப் போனவர்தான் இவர். அது இருக்கட்டும், க்ரீன் டேயே 1997 'நிம்ராட்' ஆல்பத்துல வயலின் வெச்சாங்க. அப்ப எங்க போயிருந்தீங்க மூணுகார்டு? அன்னிக்கு நீங்க அந்தப் பாட்டைக் கொண்டாடி எழுதினது எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு.

மூணுகார்டு:
வயலின் வேற, பியானோ வேற.

தூசிதட்டிய_சிடி:
எப்படி வேறன்னு ஒரு வரி எழுதுங்க பாப்போம். ஒரே ஒரு வரி.

மூணுகார்டு:
எழுத வேண்டிய அவசியம் எனக்கில்ல. கீபோர்டுக்குன்னே ரோஜர் மேனிங்னு வெளியாளைக் கூப்பிட்டிருக்காங்க. சிடியோட குறிப்புத்தாள்லயே பேர் இருக்கு. மூணு பேர் இருக்கற பங்க் பேண்டுக்கு நாலாவது ஆள் எதுக்கு?

ஸ்நேர்_சத்தம்:
தயாரிப்பாளர் ஜெர்ரி ஃபின்னோட முடிவா இருக்கும். மனுஷன் க்ரீன் டேயோட 'டூக்கி' ஆல்பத்தையே மிக்ஸ் பண்ணினவர், அதாவது பதிவான சத்தங்களை அளவாச் சேர்த்தவர். இதுலயும் ட்ரம்ஸ் அவ்வளவு துல்லியமாக் கேக்குதுன்னா அவரோட மிக்ஸிங்தான் காரணம்.

தூசிதட்டிய_சிடி:
தப்பு. இதை மிக்ஸ் பண்ணினது டாம் லார்ட்-ஆல்ஜ். ஃபின் தயாரிப்பு மட்டும். தெரியாம எழுதாதீங்க தம்பி.

ஸ்நேர்_சத்தம்:
தம்பின்னு கூப்பிடற வேலை வேண்டாம். ஆல்பம் அமெரிக்க பில்போர்டு பட்டியல்ல 9வது இடம் வரைக்கும்தான் போச்சு, அதுக்கே இவ்வளவு அலட்டல். முதல் இடத்துல நேரா இறங்கினது 2001ல வந்த அடுத்த ஆல்பம். அதைப் பத்தி இழை போட வேண்டியதுதானே?

தூசிதட்டிய_சிடி:
9வது இடம்னு இளக்காரமாச் சொல்லாதீங்க. அமெரிக்காவுல மட்டும் அம்பது லட்சம் பிரதிக்குச் சான்று வாங்கின ஆல்பம். 2001ல முதல் இடம் கிடைச்சதே இது போட்ட பாதையிலதான். உங்க எல்லார்கிட்டயும் இருக்கறது பின்னாடி வந்த சிடி. என்கிட்ட இருக்கறது அட்டைப் படத்துல இருக்கற நர்ஸோட தொப்பியில சிலுவைச் சின்னத்தோட வந்த முதல் அச்சு. அமெரிக்க செஞ்சிலுவைச் சங்கம் ஆட்சேபிச்சப்புறம் எடுத்துட்டாங்களே, அதுக்கு முந்தினது. இந்த ஆல்பத்தை நான் நேத்து யூடியூப்ல கேட்டுட்டு வந்து பேசல.

நடுராத்திரி_எம்டிவி:
சிலுவை இருந்தா பாட்டு வேற மாதிரி கேக்குமா?

தூசிதட்டிய_சிடி:
கேக்காது. ஆனா யார் எப்பலேர்ந்து கேக்கறாங்கன்னு தெரியும்.

மூணுகார்டு:
அந்த முதல் அச்சுலயும் பியானோ இருக்கில்ல?

தூசிதட்டிய_சிடி:
இருக்கு. ரமோன்ஸ்ல வயலின் இருக்கு, க்ளாஷ்ல ஆர்கன் இருக்கு, க்ரீன் டேல வயலின் இருக்கு. மூணு தடவை கேட்டாச்சு, இன்னும் ஒரு வரி வரல. வர்ற வரைக்கும் இந்த இழையை நான் மேல கொண்டுவந்துட்டே இருப்பேன்.

மூணுகார்டு:
கொண்டுவாங்க. லிஸ்ட்ல அது வராது.

ஸ்நேர்_சத்தம்:
மிக்ஸிங் விஷயத்துல நான் கேட்டது 'டூக்கி'யைப் பத்தி. அதை ஃபின் பண்ணினாரா இல்லையா, அதுக்கு பதில் சொல்லாம நழுவறாரு பாருங்க.

தூசிதட்டிய_சிடி:
'டூக்கி'க்குத் தனி இழை போடுங்க, அங்க வர்றேன். இங்க பியானோ மட்டும். மூணுகார்டு, அந்த ஒரு வரி?