வட்டங்கள் இசையை முந்திக்கொண்டு ஓடுகின்றன, எப்படிச் சரிசெய்வது?

கேள்வி:
ஒரு பியானோ இசைக்கு வெறும் வட்டங்களும் கோடுகளும் வைத்து 2 நிமிட அனிமேஷன் செய்கிறேன். வேகம் நிமிடத்துக்கு 110 பீட், படம் வினாடிக்கு 24 ஃப்ரேம். பீட்டுக்கு 13 ஃப்ரேம் என்று கணக்குப் போட்டு, முதல் கீஃப்ரேமை (வட்டத்தின் அசைவைக் குறித்துவைக்கும் ஃப்ரேம்) அப்படியே காப்பி செய்துகொண்டே போனேன். தொடக்கத்தில் கச்சிதமாக இருக்கிறது, ஆனால் போகப்போக வட்டம் முதலில் விரிந்துவிடுகிறது, ஒலி அப்புறம்தான் வருகிறது. மென்பொருளில் ஏதாவது கோளாறா? மூன்று நாளாக இதோடுதான் மல்லுக்கட்டுகிறேன்.

பதில் 1:
கோளாறு கணக்கில். 24ஐ 60ஆல் பெருக்கி 110ஆல் வகுத்தால் 13.09 வரும். 220 பீட்டுக்கு 13 வீதம் 2860 ஃப்ரேம்தான், உங்கள் படமோ 2880. அந்த 20 ஃப்ரேம்தான் கடைசியில் முந்துகிறது. முந்தைய கீஃப்ரேமிலிருந்து எண்ணாதீர்கள். ஒவ்வொரு பீட்டையும் தொடக்கத்திலிருந்து கணக்கிட்டு, பக்கத்து முழு ஃப்ரேமில் வையுங்கள். பதினோரு பீட்டுக்கு ஒருமுறை இடைவெளி 14 ஆகும், கண்ணுக்குத் தெரியாது.

பதில் 2:
ஆள் உட்கார்ந்து வாசித்த இசை என்றால் இந்தக் கணக்கும் நிற்காது, வேகம் கூடிக் குறையும். ஒலியின் அலைவடிவத்தைப் பெரிதாக்கி, அது சட்டென்று எழும்புகிற இடங்களில் மார்க்கர் (அடையாளக் குறி) வையுங்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். எல்லா பீட்டுக்கும் ஒரே வட்டம் ஒரே மாதிரி விரிந்தால் அரை நிமிடத்தில் கண் சலித்துவிடும். பியானோ ஒலி பட்டென்று எழுந்து மெல்லத் தேய்கிறது, வட்டமும் இரண்டு ஃப்ரேமில் விரிந்து இருபது ஃப்ரேமில் மங்கட்டும். சில பீட்டுகளைச் சும்மா விட்டுவிடுங்கள். அனிமேஷன் கலைஞர் ஆஸ்கார் ஃபிஷிங்கர் 1947இல் முடித்த 'மோஷன் பெயிண்டிங் நம்பர் 1' பாருங்கள்: இசையமைப்பாளர் பாக்கின் (Bach) இசைக்கு பிளெக்ஸிகிளாஸ் என்ற கண்ணாடி போன்ற பிளாஸ்டிக் மேல் எண்ணெய் வண்ணத்தில், தூரிகை பட்டபோதெல்லாம் ஒரு ஃப்ரேம் எடுத்துச் செய்தது. ஒவ்வொரு சுரத்தையும் துரத்தாமலே இசையோடு வளர்கிறது. எனக்கு இந்தக் கலையில் பிடித்ததே அதுதான்.

கேட்டவர்:
இருவருக்கும் நன்றி. ஆள் வாசித்ததுதான், மார்க்கர் வைத்ததும் சரியாகிவிட்டது. கடைசிச் சுரத்துக்கு மட்டும் வட்டத்தை 60 ஃப்ரேம் மங்கவிட்டேன், ஒலி அடங்குகிற அதே நேரத்தில் திரையும் இருண்டது.