நம்ம பக்கம் ஒரு மில்லுகூட இல்ல, அப்புறம் ஏன் நம்மாளுக ஊர விட்டுப் போனாக?

தேவிபட்டினத்துக்காரன்:
எல்லாருக்கும் வணக்கம். மகளுக்கு ஸ்கூல்ல தொழிற்புரட்சி பாடம் ஓடுது. மெஷின் வந்துச்சு, பேக்டரி வந்துச்சு, கிராமத்து ஜனம் பூரா டவுனுக்குக் குடிபோச்சு, மான்செஸ்டர் வளந்துச்சுன்னு சத்தமா படிச்சிட்டு இருந்தவ திடீர்னு "நம்ம ஊர்ல ஒரு புகைக்கூண்டுகூட இல்லையேப்பா, பூட்டன் ஏன் சிலோன்ல இருக்கிற கண்டிக்குப் போனாரு?"ன்னு கேட்டுட்டா. எனக்கு முழி பிதுங்கிருச்சு. எங்க அப்பத்தா "மழை இல்ல, கம்மா வெடிச்சுக் கெடந்துச்சு, போனாக"ன்னு சொல்லும், எனக்குத் தெரிஞ்சது அம்புட்டுத்தான். இதுக்கும் தொழிற்புரட்சிக்கும் சம்பந்தம் உண்டா, இல்ல மொட்டத்தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடுறோமா? அந்தப் பாடப்படி பாத்தா நமக்கும் ஒரு பெரிய டவுன் வந்திருக்கணும்ல, அது எங்க?

மண்டபம் வாத்தியார்:
சம்பந்தம் நல்லாவே இருக்கு தம்பி. 1851 கணக்கெடுப்புலயே இங்கிலாந்து, வேல்ஸ்ல பாதிப் பேருக்கு மேல டவுன்ல இருந்தாக. விடிய்ய மில்லுக்குள்ள போறவன் சோறு பொங்கிச் சாப்பிட ஏது நேரம், ரொட்டியும் சீனி போட்ட டீயும்தான் வயித்துக்கு. அந்த டீ எங்க இருந்து வரணும்? சிலோன்ல மொதல்ல காப்பிதான் போட்டாக, 1869ல இலைநோய் விழுந்து கொஞ்ச வருஷத்துல தோட்டம் தோட்டமா காலியாச்சு. அதுக்கு ரெண்டு வருஷம் முந்தியே ஜேம்ஸ் டெய்லர்ங்கிற தோட்டத்துத் தொர கண்டிப் பக்கம் லூல்கந்துரையில டீ போட்டுப் பாத்திருந்தாரு, பெறகு எல்லாரும் அதுக்கு மாறுனாக. இங்கதான் நம்ம கதை மாறுது. காப்பிக்குப் பழம் பறிக்கிற சீசன்ல ஆள் போனாப் போதும், முடிஞ்சதும் நம்மாளு ஊருக்கு வந்துருவாரு. டீ அப்படி இல்ல, ஏழெட்டு நாளைக்கு ஒருக்க கொழுந்து கிள்ளியே ஆகணும், வருஷம் பூரா, அதுவும் பொம்பளையாளு கை வேணும். அதனால புருஷன் பொண்டாட்டி புள்ளைகன்னு குடும்பத்தோட கூட்டிப் போயி லயத்துல, அதாவது வரிசையாக் கட்டுன ஒத்த ரூம் வீடுகள்ல வச்சாக. போயிட்டு வந்த ஜனம் போயித் தங்குனது அப்பத்தான்.

தோட்டத்துக்கு ஆள் சேத்துக் கூட்டிட்டுப் போன கங்காணியும் வெளியாள் இல்ல, நம்ம ஊர்க்காரரு, போனதுல பாதிப் பேருக்குச் சொந்தக்காரரு. அட்வான்ஸ் கொடுப்பாரு, வழிச்செலவு, சாப்பாடு எல்லாம் கடன்ல ஏறும். ஒரு தோட்டத்த விட்டு இன்னொண்ணுக்குப் போகணும்னா அந்தக் கடன எழுதுன துண்டுச் சீட்டு வேணும், 1921ல சட்டம் போட்டுத்தான் அத ஒழிச்சாக. ரயிலு வர்றதுக்கு முந்தி தோணியில மன்னாருக்குப் போயி, அங்கருந்து மாத்தளைக்குக் காட்டு வழியா நடந்தாக, வழியில காலராவுல விழுந்ததுக்குக் கணக்கே இல்ல.

கீழக்கரை சபுராளி:
வாத்தியார் சொல்றதுல தப்பு இல்ல, ஆனா லண்டன்ல ஒருத்தன் டீ குடிச்சான்னு நம்மாளு வீட்டப் பூட்டிட்டுக் கெளம்பல. 1876ல ஆரம்பிச்ச பஞ்சம், மானம் பாத்த பூமி, கழுத்து மட்டும் வட்டிக் கடன். பசி தள்ளுச்சு, டீ இழுத்துச்சுன்னு ரெண்டையும் சேத்துச் சொல்லுங்க.

எங்க கரையோரத்துக் கதை வேற. பாய்மரத்துல யாவாரம் பண்ணுன ஊருக இது. நீராவிக் கப்பல் வந்துச்சு, எங்க கடல் ஆழமில்லாத கடல், கரைக்கு வராது. 1869ல சூயஸ் கால்வாய் தெறந்ததும் கொழும்புல அலைத்தடுப்புக் கட்டி கரி ஏத்துற பெரிய துறைமுகமாக்கிட்டாக. சரக்கு போன எடத்துக்கு ஆளும் போகத்தானே செய்யும்? சபுர் போறதுன்னா, அதாவது பொழைக்கக் கடல் தாண்டிப் போறதுன்னா, எங்க வீடுகள்ல மொதல்ல கொழும்பு, பினாங்கு, பெறகுதான் துபாய், சவுதி. டவுன் எங்கன்னு உங்க மக கேட்டதுக்குப் பதில் இதுதான், நமக்கு வரவேண்டிய டவுன் அக்கரையில வளந்துருச்சு.

பாம்பன் காத்து:
டவுனு வந்துச்சுண்ணே, எங்க பக்கந்தான் வந்துச்சு. தனுஷ்கோடி. 1914ல பாம்பன் பாலம் தெறந்ததும் மெட்ராஸ்ல போட்மெயில் ரயிலு ஏறுனா நேரா தனுஷ்கோடி, அங்கருந்து தலைமன்னாருக்கு ஸ்டீமர், பெறகு கொழும்பு ரயிலு. ஸ்டேஷன், கஸ்டம்ஸ், போஸ்ட் ஆபீஸ்னு அம்புட்டும் ரயிலும் கப்பலும் பெத்த புள்ள. 1964 டிசம்பர்ல ஒரே ராத்திரியில கடல் எடுத்துருச்சு. அந்த அக்டோபர்லதான் நம்ம பிரதமர் சாஸ்திரியும் சிலோன் பிரதமர் சிறிமாவும் அங்க இருந்த நம்ம ஜனத்துல அஞ்சேகால் லட்சம் பேர இந்தியாவுக்கு எடுத்துக்கிறதுன்னு கையெழுத்துப் போட்டிருந்தாக. திரும்பி வந்தவுகளும் எறங்கினது எங்க? போறப்ப நோய் இருக்கான்னு அடச்சு வச்சுப் பாத்த அதே மண்டபம் கேம்ப்.

சாயல்குடியான் (இப்ப திருப்பூர்):
கங்காணி எங்கயும் போகலண்ணே, இப்ப அவருக்கு ஏஜெண்டுன்னு பேரு. எங்க அக்கா ஒரு நூல் மில்லுக்குப் போச்சு, மூணு வருஷம் முடிச்சா கல்யாணத்துக்கு மொத்தமா பணம்னாங்க. ரெண்டரை வருஷத்துல மூச்சு வாங்கி ஊருக்கு வந்துருச்சு, பாதிதான் கையில கொடுத்தாங்க, அதுலயும் ஆஸ்டல் சாப்பாடுன்னு பிடிச்சுக்கிட்டாங்க. வாத்தியார் எழுதுன கடன் கணக்கப் படிச்சப்ப அதான் ஞாபகம் வந்துச்சு. நான் இங்க துணிக்குச் சாயம் போடுற டையிங்ல இருக்கேன், ரூம்ல எட்டுப் பேரு, அதுல அஞ்சு பேரு ஒடிசா.

தேவிபட்டினத்துக்காரன்:
எல்லாருக்கும் நன்றி. சாயல்குடி தம்பி, அக்கா இப்ப நல்லா இருக்காங்களா? வாத்தியாரய்யா, இன்னொரு சந்தேகம். அப்பத்தா டிரங்குப் பொட்டியில ஒரு தகரத் தகடு கெடக்கு, ஒர்ரூவா அகலம் இருக்கும், மேல ஓட்டை, கருத்துப்போன நூலு. ரெண்டு நம்பர் அடிச்சிருக்கு. நாங்க ஏதோ மாட்டுக்குக் கட்டுறதுன்னு நெனச்சிட்டு இருந்தோம்.

மண்டபம் வாத்தியார்:
தூரப் போட்டுறாதீக தம்பி! அது டின் டிக்கெட்டா இருக்கும். ஒரு நம்பர் தோட்டத்தோடது, இன்னொண்ணு ஆளோடது. கழுத்துல கட்டி அனுப்புவாக, வழியில ஆகுற செலவ அந்த நம்பரப் பாத்துத் தோட்டத்துக் கணக்குல எழுதிக்குவாக. மாட்டுக்குன்னு நெனச்சதுல பெரிய தப்பும் இல்ல.

தேவிபட்டினத்துக்காரன்:
தோட்டத்து நம்பர் தெளிவா இருக்கு. பூட்டனோடது தேஞ்சிருச்சு, மக பேப்பர வச்சுப் பென்சிலால தேச்சுப் பாத்துட்டு இருக்கா, கடைசி எழுத்து 1ஆ 7ஆன்னு ஆத்தாளுக்கும் மகளுக்கும் சண்டை.