வெளிநாட்டில் இருக்கும் தோழிகளைக் கல்யாணத்தில் கூட நிற்கக் கூப்பிடுவது எப்படி?

வெளிநாடு வந்து ஆறு மாதம்கூட ஆகியிருக்காது, ஊரில் கல்யாணத் தேதி குறித்துவிடுவார்கள். கூடப் படித்த தோழிகள் ஆளுக்கொரு நாட்டில். கையிலும் பெரிதாகக் காசு இருக்காது. அப்படி இருக்கும் பெண்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

நான் மெல்போர்ன் வந்த முதல் வருடமே கோபிசெட்டிபாளையத்தில் எனக்குக் கல்யாணம். தோழிப்பெண்ணாக நிற்க மூன்று பேரைக் கூப்பிட வேண்டும்: ஒருத்தி டொரன்டோ, ஒருத்தி லண்டன், ஒருத்தி சிங்கப்பூர். இணையத்தில் பார்த்த பரிசுப் பெட்டிகளைத்தான் முதலில் விலை கேட்டேன். வாசனை மெழுகுவத்தி, பெயர் போட்ட கோப்பை, சாக்லேட். மூன்று பெட்டி, மூன்று தபால் செலவு என்று கூட்டிப் பார்த்தால் என் ஒரு வார வாடகையைத் தாண்டியது. விட்டுவிட்டேன்.

அம்மாதான் வழி சொன்னார். நம்ம கொங்குப் பக்கம் வீட்டுக்குப் போய் வெற்றிலை பாக்கு வைத்துக் கூப்பிட்டால்தான் கூப்பிட்டதாக அர்த்தம். தோழி டொரன்டோவில் இருந்தால் என்ன, அவளைப் பெற்றவர்கள் பொள்ளாச்சியில்தானே இருக்கிறார்கள்? அம்மாவும் சித்தியும் பஸ் ஏறிப் போனார்கள். தட்டில் வெற்றிலை, பாக்கு, மஞ்சள், குங்குமம், பூ, ஒரு ரவிக்கைத் துணி, இரண்டு சீப்புப் பழம். “உங்க பொண்ணு எங்க பொண்ணு கூட நிக்கோணுமுங்க” என்று அம்மா தட்டை நீட்டினார். சித்தி போனில் டொரன்டோவைப் பிடித்து வைத்திருந்தார். அங்கே விடியவில்லை. போர்வைக்குள் இருந்தபடி தன் அம்மா தட்டை வாங்குவதைப் பார்த்தவள் ஒன்றும் பேசவில்லை, மூக்கை உறிஞ்சும் சத்தம்தான் கேட்டது. பஸ் கட்டணத்தோடு சேர்த்து அந்தத் தட்டுக்கு ஆயிரம் ரூபாய்க்குள்தான் ஆனது. இதைவிட நல்ல பரிசு எனக்குத் தெரியவில்லை.

போன இடத்தில் அம்மா இன்னொன்றும் செய்தார். தோழியின் பழைய அளவு ஜாக்கெட்டை பீரோவிலிருந்து எடுத்துத் தரச் சொல்லி வாங்கி வந்தார். வெளிநாட்டில் ரவிக்கை தைக்கும் கூலி உங்களுக்கே தெரியும். அளவு ஜாக்கெட் கிடைத்துவிட்டால் ஊர் டெய்லரே தைத்து வைத்துவிடுவார். உடம்பு கொஞ்சம் மாறியிருக்கலாம் என்பதால் உள்ளே பிரித்துவிடத் தையல் இடம் விடச் சொல்லுங்கள்.

சரி, தோழியின் கைக்கே ஏதாவது போய்ச் சேர வேண்டாமா? கடிதம் அனுப்புங்கள். மூன்று பேருக்கும் ஒரே நிறத்தில் நெகமம் காட்டன் புடவை எடுத்தோம். 2023இல் புவிசார் குறியீடு கிடைத்த புடவை அது. பொள்ளாச்சிக்குப் பக்கத்து நெசவு. ரவிக்கைத் துணியின் ஓரத்தில் இரண்டு விரல் அகலம் வெட்டி, கையால் எழுதிய கடிதத்தோடு உறையில் வைத்தேன். போனில் பார்த்தால் அரக்கு நிறம் ஒவ்வொரு திரையிலும் ஒவ்வொரு மாதிரி தெரியும். துணி கையில் இருந்தால் நகை, செருப்பு எல்லாம் அதற்குப் பொருத்தமாக எடுத்துக்கொள்வாள். புடவை ஊரிலேயே இருக்கட்டும், வந்து கட்டிக்கொள்ளலாம்.

பொருளாகவே அனுப்புவதென்றால் எடையைப் பாருங்கள். பவானி ஜமுக்காளம் எனக்கு உயிர், ஆனால் விரிப்பு கனம். அந்தத் துணியில் தைத்த பை போதும். சென்னிமலைத் துண்டும் நன்றாக இருக்கும். பிரிட்டனுக்கு 39 பவுண்டு, கனடாவுக்கு 60 கனடா டாலர் வரைக்கும் அன்பளிப்புக்கு வரிவிலக்கு உண்டு. சுங்கப் படிவத்தில் உண்மையான விலையையே எழுதுங்கள். அமெரிக்காவில் 800 டாலருக்குட்பட்ட பொதிகளுக்கு இருந்த விலக்கை 2025 ஆகஸ்டில் நிறுத்திவிட்டார்கள், அதனால் அங்கே கடிதம்தான் நல்லது. ஆஸ்திரேலியாவுக்கும் நியூசிலாந்துக்கும் விதை, கொட்டைப்பாக்கு, மஞ்சள் கொம்பு வைக்காதீர்கள். தாவரப் பொருள் என்றால் பிரித்துப் பார்ப்பார்கள். கண்ணாடி வளையல் எந்த நாட்டுக்குமே வேண்டாம். லண்டனுக்கு நான் அனுப்பிய ஒரு டஜனில் ஐந்துதான் முழுசாகப் போனது.

அப்புறம் அந்தக் கடிதத்தில் என்ன எழுதுவது? இதில்தான் நிறைய பேர் தவறுகிறார்கள். பரிசைக் கையில் வாங்கியபின் முடியாது என்று சொல்ல யாருக்கும் வாய் வராது. அதனால் தேதி, எத்தனை ராத்திரி தங்க வேண்டும், எதெல்லாம் உங்கள் செலவு, எது அவள் செலவு எல்லாவற்றையும் எழுதிவிடுங்கள். நம்ம பக்கம் முதல் நாளே சீர்ச் சடங்குகள் தொடங்கிவிடும், முகூர்த்தம் பெரும்பாலும் விடிகாலை. இரண்டு ராத்திரியாவது இருந்தால்தான் கூட நின்ற மாதிரி. விடுமுறைக் கூட்டத்தில் டிக்கெட் விலை ஏறிவிடும், ஆறு மாதம் முன்பே சொல்லுங்கள். சிங்கப்பூர்க்காரிக்குக் கோவைக்கே நேர் விமானம் இருக்கிறது. டொரன்டோக்காரிக்குப் போகவர இரண்டு மூன்று நாள் பயணத்திலேயே போய்விடும். அதை மனதில் வைத்து, “வர முடியாவிட்டாலும் நீதான் என் தோழிப்பெண்” என்று ஒரு வரி சேர்த்தேன்.

லண்டன் தோழிக்கு லீவு கிடைக்கவில்லை. அவளுக்கு எடுத்த அரக்குப் புடவையை அன்று அவள் அம்மா கட்டிக்கொண்டு என் பக்கத்தில் வந்து நின்றார்.