பொருள்: லொறி ஸ்பிரிங்குக்கு ஒரு சொல் (வெள்ளிக்கு முன்)

ஹற்றன் பயிற்றுநர்:
வாகனத் திருத்துநர் வகுப்புக்கான குறிப்பு வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. 'லீஃப் ஸ்பிரிங்'குக்கு, அதாவது லொறியின் அடியில் நடு போல்ட்டால் கோத்த வளைந்த உருக்குத் தகடுகளின் அடுக்குக்கு, தமிழ்ச் சொல் தேவை. இடம் இது: "மெயின் பிளேட் நடு போல்ட் துளையில் வெடித்திருந்தால் வெல்டிங் பிடிக்கக் கூடாது, சூட்டில் உருக்கின் பதம் கெட்டுவிடும். மாற்றவே வேண்டும்." 'இலைவில்' என்று போட்டுப் பார்த்தேன். கொழுந்து லொறி ஓடும் ஊர்ப் பிள்ளைகள், தேயிலைச் சாமான் ஏதோ என்று நினைத்துவிட்டார்கள்.

கண்டி ஆசிரியர்:
பாடநூலில் ஸ்பிரிங் தராசுக்கு 'விற்றராசு' (வில் + தராசு) ஏற்கெனவே உண்டு. அதே விதிப்படி வில் + தகடு = விற்றகடு. வேற்றுமைப் புணர்ச்சி, விவாதத்துக்கே இடமில்லை. வில்லுக்குச் சிலை, கொடுமரம் என்றும் பழைய பெயர்கள் உண்டு. கொடுமரம் என்றால் வளைந்த மரம். நமது வில் இரும்பு என்பதால், நெடு + இலை = நெட்டிலை போல, கொடு + இரும்பு = 'கொட்டிரும்பு' என்றும் ஆக்கலாம். யோசியுங்கள்.

தலவாக்கலை கராஜ்காரர்:
சேர், 'விற்றகடு' என்றால் பையன்கள் "யார் விற்ற கடு?" என்று கேட்பார்கள். கொட்டிரும்பைப் பழைய இரும்புக் கடையில்தான் தேடுவார்கள். சிங்களத்தில் வில்லும் ஸ்பிரிங்கும் 'துன்ன'தான், அவர்களுக்கு இந்தத் தலையிடி இல்லை. கராஜில் எல்லாருக்கும் அது 'பிளேட்'.

அப்புறம், குறிப்பில் ஒன்று விடுபட்டிருக்கிறது. ஸ்பிரிங்கைச் சக்கர அச்சோடு இறுக்கிப் பிடிக்கும் யூ போல்ட் தளர்ந்து கிடந்தால் தகடு நடுவில் வளைந்து வளைந்து, அந்தத் துளையில்தான் வெடிக்கும். புதுத் தகடு போட்டுக் கொஞ்சத் தூரம் ஓடியதும் மறுபடி இறுக்கச் சொல்லுங்கள். நடு போல்ட் முறிந்தால் சக்கர அச்சே இடம் நகரும், லொறி நண்டு மாதிரிப் பக்கவாட்டில் இழுக்கும். ரம்பொட மலை இறக்கத்தில் அப்படி வந்தால் என்ன ஆகும்? பெயருக்கு 'அடுக்குத்தகடு' போதும்.

கண்டி ஆசிரியர்:
அதில் வில் எங்கே? கூரைத் தகரத்தையும்தான் அடுக்கி வைக்கிறோம்.

யாழ்ப்பாணத்து வாசகர்:
'அடுக்குவில்'. ஆளுக்குப் பாதி.

ஹற்றன் பயிற்றுநர்:
சரி, மூன்று பேர் அடுக்குவில் பக்கம். அதையே போடுகிறேன். தனித் தகட்டுக்கு 'வில்தகடு', புணர்க்காமல். முதல் தடவை மட்டும் பக்கத்தில் 'பிளேட்'. யூ போல்ட் விஷயத்தையும் சேர்த்தாயிற்று. இனி, ஸ்பிரிங்கின் ஒரு நுனியை லொறிச் சட்டத்தோடு ஆடும்படி இணைக்கும் 'ஷேக்கிள்' பாக்கி.

கண்டி ஆசிரியர்:
புணர்க்காமல் எழுதுவதற்கு என் மறுப்பைப் பதிந்துகொள்ளுங்கள். ஷேக்கிள் ஆடுவதால் ஊசல் + கண்ணி, 'ஊசற்கண்ணி'. இங்கும் றகரம்தான் வரும்.